பாங்கொக்கை ஆமி பிடித்த கிழமை

அன்று பின்னேரம் என் வீட்டு ஹோலில் இருந்தவர்கள் இவர்கள்.

மாமா. அம்மாவின் தம்பி. எங்கள் குடும்பத்தில் ஜெர்மனிக்கு முதலில் வந்தவர். அதனால் எல்லாம் அவர் சொன்னபடிதான்.

மாமி. மடியில் கூறைச் சேலைப் பெட்டி.

பெரியக்கா. ஆஹெனில் இருந்து ரயிலில் வந்தவ. வரும்போதே தலையிடி.

பெரியத்தான். அக்காவின் புருஷன். சோபாவில் காலை நீட்டி இருந்தார்.

தம்பி. மாப்பிள்ளை. சுவரோடு ஒரு கதிரையில்.

என் புருஷன். வேலையால் வந்து இன்னும் குளிக்கவில்லை.

மேல்மாடி இஞ்சினியர். மதுரைப் பக்கம். கொம்பியூட்டர் வேலை. எங்கள் வீட்டுத் தேத்தண்ணி பிடிக்கும் என்று இறங்கி வருகிறவர்.

நான். தேத்தண்ணி ஊற்றினேன்.

2006, புரட்டாதி மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை. டுசல்டோர்ஃப். சனிக்கிழமை பாங்கொக்குக்குப் பறக்க இருந்தோம். என் புருஷன் பிள்ளைகளின் பள்ளிக்கூடத்துக்காக நிற்பது என்று முடிவு. இஞ்சினியர் வெளி ஆள். மற்ற எல்லோரும் போவது. தம்பிக்கு அங்கே கலியாணம்.

ஏன் பாங்கொக் என்று கேட்பவர்கள் இருப்பார்கள். தம்பியிடம் இருந்தது நீலப் பயணப் புத்தகம். அகதிக்கு ஜெர்மன்காரன் கொடுப்பது. அதைக் கொண்டு எங்கேயும் போகலாம், சொந்த நாட்டுக்கு ஏலாது. பொம்பிளை யாழ்ப்பாணம். கலியாணம் எழுதினால்தான் அவளை இங்கே எடுக்க அன்ட்ராக், அதாவது விண்ணப்பம், போடலாம். ஆகவே இரண்டு பேரும் சந்திக்க மூன்றாவது நாடு ஒன்று வேண்டும். எங்கள் சனம் சிங்கப்பூரில் செய்தது, இந்தியாவில் செய்தது, பாங்கொக்கிலும் செய்தது. அங்கே அம்மன் கோயில் உண்டு, தமிழ் பேசும் ஐயர் உண்டு. மாமா பாங்கொக் என்றார். சரி என்றோம்.

பொம்பிளையும் தாயும் ஏற்கனவே பாங்கொக்கில். விசா எடுக்க யாழ்ப்பாணத்தை விட்டுக் கொழும்புக்கு வந்தவர்கள். அவர்கள் வந்த பிறகு சண்டை தொடங்கிப் பாதை பூட்டிவிட்டது. திரும்பிப் போக வழி இல்லை. கொழும்பு லொட்ஜில் பொலிஸ் கதவைத் தட்டித் தட்டிப் பதிவு கேட்டது. அங்கே இருந்து தப்பி பாங்கொக் லொட்ஜ். அந்த விசாவும் கொஞ்ச நாளைக்குத்தான். கலியாணம் நடக்காவிட்டால் அந்த இரண்டு பொம்பிளைகளுக்கும் போக இடம் இல்லை.

அந்த ஹோலில் எல்லாம் பேசினார்கள். இதை ஒருத்தரும் பேசவில்லை.

டிவியில் எழுத்து ஓடியது. தாய்லாந்தில் இராணுவப் புரட்சி. பிரதமர் வெளிநாட்டில் நிற்க, ஆமி டாங்கியோடு தலைநகருக்குள் வந்துவிட்டது. இதற்கு ஏன் புரட்சி என்று பெயர் வைத்தார்களோ தெரியாது. சனம் படுத்து எழும்பும்போது கதிரையில் வேறு ஆள் இருக்கிறார். அவ்வளவுதான்.

"முடிஞ்சுது," என்றார் மாமா. "ஆமி பிடிச்சிட்டான்."

"ஆரை மாமா?" என்றான் தம்பி.

"நாட்டை."

பெரியத்தான் காலை மடக்கினார். "நான் நினைச்சனான். அந்தப் பக்கம் நாடெண்டாலே ஆமிதான்."

"அது உண்மை," என்றார் மாமா. "பர்மாவைப் பார். ஆமி. இந்தோனேசியா, முப்பது வரியத்துக்கு மேல ஒரு ஜெனரல். பிலிப்பைன்சில மாசிலயும் ஏதோ செய்யப் பாத்தவங்கள். தாய்லாந்தில எத்தினை தரம். நான் அப்பவே சொன்னனான், சிங்கப்பூர் எண்டு."

"நீங்கள்தான் மாமா பாங்கொக் எண்டனீங்கள்," என்றேன்.

"அது செலவைப் பாத்துச் சொன்னது. அரசியலைப் பாத்துச் சொன்னதில்லை."

இஞ்சினியர் கப்பைக் கீழே வைத்தார். "அங்கிள், டென்ஷன் ஆகாதீங்க. இது பிளட்லெஸ் கூ. நான் ஆபீஸ்லயே நெட்ல பாத்தேன். ஃப்ளைட் எல்லாம் நார்மலா போகுதாம்."

"தம்பி, நீர் இந்தியா," என்றார் மாமா. "உமக்கு ஆமி எண்டால் குடியரசு தினத்தில நடந்து போறவன். எங்களுக்கு ஆமி எண்டால் வேற."

இஞ்சினியர் திரும்பக் கப்பை எடுத்தார். அந்த ஒரு சொல்லில் மாமா சொன்னது சரிதான். பிழை அதற்குப் பிறகு வந்தது.

மாமா ரெலிபோன் காட் ஒன்றின் நம்பரைச் சுரண்டி எடுத்தார். லொட்ஜ் நம்பரை அடித்தார். பொம்பிளையின் தாய் எடுத்தா. மாமா ஸ்பீக்கரைப் போட்டார், எல்லோரும் கேட்க. கேட்க என்றால், அவர் பேசுவதைக் கேட்க.

"அக்கா, பயப்பிடாதேங்கோ. நான் சொல்லுறதைக் கவனமாக் கேளுங்கோ. ஆமி வந்திட்டுது."

அந்தப் பக்கம் ஒரு மூச்சு கேட்டது. பிறகு, "எங்க தம்பி? கொழும்புக்கோ?"

"இல்லை, பாங்கொக்குக்கு. உங்கட றோட்டுக்கும் வருவான். லைற்றைப் போடாதேங்கோ. வாளியில தண்ணி நிரப்பி வையுங்கோ. பாண், பிஸ்கற் இருக்கே? பாஸ்போட்டை உடம்போட வைச்சிருங்கோ. பொம்பிளைப் பிள்ளையை ஜன்னல் பக்கம் விடாதேங்கோ. அலுமாரியைக் கதவோட அணைச்சு விடுங்கோ. ஆர் தட்டினாலும் திறவாதேங்கோ."

"லொட்ஜ்காரர் தட்டினால்?"

"லொட்ஜ்காரனைக் கொண்டுதான் தட்டுவாங்கள். எங்கட ஊரில எப்பிடி? அதுதான். போனும் எடுக்காதேங்கோ. உள்ள ஆள் இருக்கெண்டு காட்டக் கூடாது."

"ஓம் தம்பி. ஓம்."

பெரியத்தான் சோபாவில் இருந்து குரல் கொடுத்தார். "கிட்டக் கோயில் இருந்தால் அங்க போகச் சொல்லுங்கோ. சனத்தோட சனமா இருக்கலாம்."

"கோயில் வேண்டாம். கோயிலுக்கும் அடிப்பான்," என்றார் மாமா.

"அது எங்கட ஆமி மாமா," என்றேன்.

"ஆமியில எங்கட ஆமி, உங்கட ஆமி எண்டு இல்லை பிள்ளை. எல்லாம் ஆமிதான்."

எனக்குப் படிப்பு எட்டாம் வகுப்போடு சரி. மாமா பேப்பர் வாசிக்கிறவர். நான் கப்புகளைக் குசினிக்குக் கொண்டு போனேன்.

திரும்பி வரும்போது முடிவு எடுத்து, போனை வைக்கமுன் பொம்பிளையின் தாய்க்கும் சொல்லியாகிவிட்டது. கலியாணம் தள்ளி வைப்பது. மார்கழியில், நத்தாருக்குப் பார்ப்பது. வெள்ளிக்கிழமை மாமா ரிக்கற் கடைக்குப் போய் எல்லா ரிக்கற்றையும் நிறுத்துவது. ரிக்கற்றும் பாஸ்போட்டும் மாமாவின் கறுப்புப் பையில். எங்கள் குடும்பத்தில் எல்லாத் தாளும் அந்தப் பையில்தான்.

"நீ என்ன சொல்லுறாய்?" என்று தம்பியைக் கேட்டேன்.

"மாமா சொல்லுறாரே அக்கா."

"மாமாவுக்கோ கலியாணம்?"

மாமி சிரித்தா. மாமா சிரிக்கவில்லை. தம்பி நிலத்தைப் பார்த்தான். நாற்பதை நெருங்குகிறான். அவன் அகதிக் கேஸ் முடியவே காலம் போய்விட்டது. பேசி வந்த சம்பந்தங்கள் காத்திருந்து போய்விட்டன. இவள் ஒருத்திதான் காத்திருந்தாள். அவனுக்கு அவளை விருப்பம். போனில் பேசும்போது அறைக் கதவைச் சாத்துவான். ஆனால் மாமா முன்னால் வாய் திறக்கமாட்டான். மாமாதான் அவனுக்கு முதல் அன்ட்ராக் எழுதிக் கொடுத்தவர். அந்த நன்றியை அவன் ஒவ்வொரு நாளும் கட்டிக்கொண்டிருந்தான்.

நான் அப்போது ஆஸ்பத்திரிகளுக்குத் துணி தோய்க்கும் இடத்தில் வேலை. விடிய ஆறு மணிக்குத் தொடங்கும். படுக்கை விரிப்பைச் சூட்டு உருளைக்குள் விடும் மெசினில் எப்போதும் இரண்டு பேர் வேண்டும். ஒரு நுனி நான். மற்ற நுனி ஒரு தாய்லாந்துக்காரி. என் வயதுதான். ஜெர்மன்காரனை முடித்து வந்தவள். லொறி ஓட்டுகிற மனுசன். நாங்கள் பேசுவது ஜெர்மன். அவளுடையதும் உடைந்த ஜெர்மன், என்னுடையதும் அப்படித்தான். இங்கே நான் அதை எங்கள் பேச்சில்தான் எழுத முடியும்.

அடுத்த நாள் அவள் விரிப்பை வெடுக்கென்று இழுத்தாள். என் பக்கம் சுருங்கிப் போனது.

"என்னடி?" என்றேன்.

"பாத்தனியோ டிவி? பூக் குடுக்கினம். ஆமிக்கு. டாங்கிக்கு மேல பிள்ளையை இருத்திப் படம் எடுக்கினம்."

நானும் பார்த்தேன். காலையில் டிவியில் காட்டினார்கள். துவக்கில் மஞ்சள் ரிப்பன். சட்டையில் மஞ்சள் ரிப்பன். பொம்பிளைகள் சிரித்துக்கொண்டு ரோசாப்பூ நீட்டினார்கள். நான் கையில் பல் பிரஷோடு நின்றேன். டாங்கிக்குப் பக்கத்தில் ஆட்கள் சிரிப்பதை என் சீவியத்தில் காணவில்லை. நல்லதென்றும் தோன்றவில்லை, கெட்டதென்றும் தோன்றவில்லை. எரிச்சல் வந்தது.

"சந்தோசமா இருக்கினம் போல," என்றேன்.

"பட்டணத்து ஆக்கள். எங்கட பக்கம் வயல். வடகிழக்கு. நாங்கள் வோட்டுப் போட்டு ஆளைக் கொண்டு வந்தனாங்கள். ஆள் திறமெண்டு இல்லை. கள்ளன் எண்டும் சொல்லுறாங்கள். ஆனா அம்மா ஆஸ்பத்திரிக்குப் போக ஏலும் எண்டு வந்தது அந்த ஆளாலதான். இப்ப ஆமி வந்து, உன்ர வோட்டுச் சரியில்லை எண்டு சொல்லுது. அதுக்குப் பட்டணம் பூக் குடுக்குது."

"இது எத்தினையாம் தரம்?"

"எனக்குத் தெரியாது. அம்மாவுக்கும் தெரியாது. டிவியில நாடகம் நிண்டு எங்கட நாட்டு ராசாவின்ர பாட்டு மட்டும் போகும். அப்ப அம்மாவுக்கு விளங்கும்."

"விளங்கி?"

"டிவியை நிப்பாட்டிப்போட்டுப் படுப்பா. விடியச் சந்தைக்குப் போவா."

விரிப்பு உருளைக்குள் போனது. அடுத்ததை எடுத்தோம்.

"சுடுவாங்களோ?" என்று கேட்டேன்.

அவள் விரிப்பின் நுனியை நேராக்கினாள். "முந்திச் சுட்டவங்கள். படிக்கிற பிள்ளையளை. றோட்டில. இந்த முறை சுடமாட்டாங்கள் போல. பூக் குடுக்கிறவனை ஏன் சுடுவான்? பூக் குடுக்காத ஆக்கள் வந்தால் பிறகு சுடுவான்." பிறகு என்னைப் பார்த்தாள். "உங்கட கலியாணத்துக்கு ஒண்டும் செய்யமாட்டான். உங்களை ஆருக்குத் தெரியும்? போ. பயப்பிடாதை."

படித்த ஆள் இல்லை அவள். மாமா ஒரு பின்னேரம் முழுக்கச் சொன்னதைவிட எனக்கு அதில் கூட விளங்கியது. அவளுக்கு அந்த ஆமி மேல் என்னைவிடக் கோபம். ஆனாலும் அது எந்த ஆமி என்று அவளுக்குத் தெரியும். எங்களுக்கு ஒரு ஆமிதான் தெரியும். அதைத் தூக்கி எல்லா நாட்டிலும் வைத்தோம்.

வீட்டுக்கு வந்து லொட்ஜுக்கு அடித்தேன். லொட்ஜ்காரர் அறைக்கு லைனைக் கொடுத்தார்கள். ஒருத்தரும் எடுக்கவில்லை. மாமா எடுக்கவேண்டாம் என்றவர், அவர்கள் எடுக்கவில்லை. எத்தனை தரம் அடித்தும் அதே.

மாமாவுக்குச் சொன்னேன்.

"பாத்தியே," என்றார். "பிடிச்சிட்டாங்கள்."

"நீங்கள் எடுக்கவேண்டாம் எண்டனீங்கள், அதுதான் எடுக்கேல்லை."

"அப்பிடி இருந்தால் நல்லது. இல்லாட்டி?"

"இல்லாட்டி எண்டால் என்ன செய்யப் போறியள்?"

"பொறு. யோசிப்பம்."

அவர் யோசித்தார். பெரியத்தானுக்குப் போன் எடுத்து யோசித்தார். பெரியத்தான் ஆஹெனில் இருந்து எனக்கு எடுத்து, பிடித்துக்கொண்டு போயிருந்தால் எந்த முகாமில் வைத்திருப்பார்கள் என்று யோசித்தார். பெரியக்கா பின்னால் அழுதா. தம்பி வேலைக்குப் போகவில்லை. போனுக்குப் பக்கத்தில் இருந்தான், அது தானாக அடிக்கும் என்பது போல.

வியாழக்கிழமை தாய்லாந்துக்காரியிடம் கேட்டேன். "உன்ர ஆக்கள் ஆரும் பாங்கொக்கில இருக்கினமோ?"

"தங்கச்சி. உடுப்புத் தைக்கிற இடத்தில. ஏன்?"

சொன்னேன். அலுமாரியைச் சொன்னபோது அவள் விரிப்பை விட்டுவிட்டாள். அது நிலத்தில் விழுந்தது. திரும்பத் தோய்க்கவேண்டும்.

"அலுமாரியோ? கதவுக்கோ? ஆர் சொன்னது?"

"மாமா."

"அவர் எங்க இருக்கிறார்?"

"இங்க. டுசல்டோர்ஃபில."

அவள் சிரிக்கப் பார்த்தாள். என் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்தினாள்.

மத்தியான இடைவேளையில் வெளியே முற்றத்தில் நின்றோம். அங்கே பின்னேரம். இவள் போனில் விலாசம் சொல்லி, தங்கச்சி வேலை முடிந்து லொட்ஜுக்குப் போயிருந்தாள். இவளுடைய ஹான்டி, கைபோன், அடித்தது. அக்காவும் தங்கச்சியும் தங்கள் பாசையில் பேசினார்கள். பிறகு இவள் எனக்குச் சொன்னாள்.

"தட்டினாளாம். திறக்கேல்லை. லொட்ஜ்காரரும் தட்டிக் களைச்சுப் போச்சினம். அறை கூட்ட விடேல்லையாம். உள்ள ஆக்கள் செத்துப் போச்சினமோ எண்டு லொட்ஜ்காரருக்குப் பயம். இனிப் பொலிசைக் கூப்பிடப் போகினமாம். பொலிஸ் எண்டால் இப்ப ஆமியும் கூட வரும்."

 ஆமி வரும் என்று பயந்து கதவைப் பூட்டி, அந்தப் பூட்டாலேயே ஆமியைக் கூப்பிடப் போகிறார்கள்.

"தங்கச்சியின்ர ஹான்டியைக் கதவில வைக்கச் சொல்லு," என்றேன். "சத்தமாப் போடச் சொல்லு."

வைத்தாள். நான் கத்தினேன். முற்றத்தில் சிகரெட் பிடித்துக்கொண்டு நின்றவர்கள் எல்லோரும் திரும்பினார்கள்.

"அன்ரி! நான் மாப்பிள்ளையின்ர தமக்கை! ஜெர்மனியில இருந்து கதைக்கிறன்! கதவைத் திறவுங்கோ!"

ஒன்றும் இல்லை. பிறகு உள்ளே இருந்து ஒரு குரல், தூரத்தில். "ஆரது?"

"நான்தான் அன்ரி. மாப்பிள்ளையின்ர தமக்கை."

"நீர்தான் எண்டு எப்பிடித் தெரியும்?"

பாவம். அவ கேட்டது பிழையில்லை. எங்கள் ஊரில் ஒருத்தரைக் கொண்டு இன்னொருத்தர் வீட்டுக் கதவைத் தட்டுவிப்பார்கள். தமிழும் பேசுவார்கள்.

"என்ன வேணும், கேளுங்கோ. சொல்லுறன்."

உள்ளே இரண்டு பேரும் குசுகுசுத்தது கேட்டது.

"கூறைச் சேலை என்ன நிறம்?"

"அரக்கு!" என்று கத்தினேன். "அரக்கு! மாம்பழக் கரை! மாமி எடுத்தவ! கரை அகலம் காணாது எண்டு நான் சண்டை பிடிச்சனான்!"

 பிறகு அலுமாரி இழுபடுகிற சத்தம். டுசல்டோர்ஃப் முற்றத்தில் நின்று அதைக் கேட்டேன். தாய்லாந்துக்காரி என் கையைப் பிடித்திருந்தாள். எப்போது பிடித்தாள் என்று தெரியாது.

போனில் பொம்பிளை வந்தாள். அழுவாள் என்று நினைத்தேன்.

"அக்கா, ஒண்டு கேக்கலாமோ?"

"கேளும்."

"கீழ றோட்டில மீன் பொரிக்கிறாங்கள். ஆமி வந்த நாளில இருந்து மணக்குது. சனம் சிரிக்கிற சத்தமும் கேக்குது. நாங்கள் பிஸ்கற்றும் தண்ணியும். அம்மா ஜன்னலைத் திறக்க விடுறா இல்லை. உண்மையா ஆமி வந்ததோ?"

"வந்தது."

"அப்ப ஏன் மீன் பொரிக்கிறாங்கள்?"

"அது பிறகு சொல்லுறன். வந்த பிள்ளையோட போய் முதல் சாப்பிடுங்கோ."

அவள் போனை வைக்கவில்லை. "அக்கா, கலியாணம் நிண்டு போச்சோ? மாமா ஏதோ நத்தார் எண்டு அம்மாவுக்குச் சொன்னவராம். எங்களுக்கு விசா அவ்வளவுக்கு இல்லை. கொழும்புக்குத் திரும்பிப் போக ஏலாது அக்கா. வீட்டுக்கும் போக ஏலாது."

"நிக்கேல்லை," என்றேன். "வாறம்."

அன்று பின்னேரம் மாமா வீட்டுக்குப் போனேன். என் புருஷன் காருக்குள் இருந்தார். "நான் வந்தால் சண்டை வரும்," என்றார். "நீ போனால் வேலை நடக்கும்."

பெரியத்தானும் பெரியக்காவும் ஆஹெனில் இருந்து திரும்ப வந்து அங்கேதான். மேசையில் வடை. அடுத்த நாள் ரிக்கற் நிறுத்துவது பற்றிப் பேசிக்கொண்டு இருந்தார்கள்.

"மாமா, தம்பின்ர ரிக்கற்றையும் என்ரையையும் தாங்கோ. பாஸ்போட்டையும்."

"ஏன்?"

"சனிக்கிழமை போறம்."

"விசரே உனக்கு? ஆமி நிக்குது."

"நிக்கட்டும்."

"ஆமியை நம்புறியோ நீ?"

"நம்பேல்லை. அங்க ரெண்டு பொம்பிளையள் இருக்கினம். அவையைத்தான் யோசிக்கிறன்."

பெரியத்தான் வடையைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னார். "கொஞ்சம் பொறுத்துப் பாப்பம். அங்க என்ன நிலைமை எண்டு ஒரு தெளிவு வரட்டும்."

"அத்தான், அங்க மீன் பொரிக்கினம். இதைவிட என்ன தெளிவு?"

மாமி வாயைச் சேலைத் தலைப்பால் மூடினா.

"ஏதும் நடந்தால் பொறுப்பு ஆர்?" என்றார் மாமா.

"நான்."

"நான் வரமாட்டன்."

"ஓம்."

"மாமியும் வரமாட்டா."

மாமி நிலத்தைப் பார்த்தா. கூறைப் பெட்டியை அவதான் எடுத்து வந்து என் கையில் தந்தா. மாமா கறுப்புப் பையைத் திறந்தார். ரிக்கற்றுகளை ஒவ்வொன்றாகப் பார்த்தார், கண்ணாடி போட்டு, கழற்றி. கடைசியில் இரண்டு ரிக்கற்றையும் எங்கள் பாஸ்போட்டுகளையும் மேசையில் வைத்தார். நான் எடுத்தேன்.

"நன்றி மாமா. போட்டு வாறன்."

பெரியக்கா வாசல்வரை வந்தா. "எனக்கும் வர விருப்பம்தான். இவர் விடமாட்டார்," என்றா. நான் கூறைப் பெட்டியை மற்றக் கைக்கு மாற்றினேன். சொல்ல இருந்தது நிறைய.

பிராங்க்பேர்ட்டுக்கு ரயிலில் போகும்போது தம்பி கேட்டான். "மாமா கோவமோ அக்கா?"

"ஓம்."

"திரும்பி வந்து கதைக்கலாம் என்ன?"

"ஓம்."

"பிளேன் இறங்குமோ?"

"பேசாமல் இரடா."

பிளேன் இறங்கியது. லொட்ஜுக்குப் போகும் வழியில், ஒரு சந்தியில் ஆமி நின்றது. மூன்று பெடியங்கள். ஒரு டாங்கி. மஞ்சள் ரிப்பன். எங்கள் டாக்சி அந்தச் சந்தியில் மெதுவானது. தம்பி பையில் இருந்து நீலப் புத்தகத்தை எடுத்தான், கதவைத் திறந்தான், ஒரு காலை வெளியே வைத்தான். எங்கள் ஊரில் ஆமியைக் கண்டால் வாகனத்தில் இருந்து இறங்கி, அடையாள அட்டையைக் காட்டிக்கொண்டு நடக்கவேண்டும். அவன் ஊரை விட்டு வந்து எத்தனையோ வருசம். கால் மறக்கவில்லை. டாக்சிக்காரர் பயந்து பிரேக்கை அடித்தார். ஆமிக்காரன் ஒருவன் ஓடி வந்தான். தம்பி புத்தகத்தை நீட்டினான். அவன் அதைப் பார்க்கவே இல்லை. காலை உள்ளே எடுக்கச் சொல்லிக் கையைக் காட்டிவிட்டு, கதவைத் தானே சாத்தினான். சிரித்தான்.

தம்பியும் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இதே வயதுப் பெடியங்கள்தான் எல்லா இடத்திலும். எவனிடம் என்ன சொல்லி அனுப்புகிறார்களோ, அதைச் செய்வான். இன்றைக்குக் கதவைச் சாத்து என்று சொல்லி இருக்கிறார்கள்.

கலியாணம் நடந்தது. பதிவு எழுத்தும் முடிந்தது. தாயையும் பொம்பிளையையும் அங்கே இருந்து சென்னையில் இருக்கும் எங்கள் சொந்தக்காரரிடம் அனுப்பினோம். பொம்பிளை அடுத்த வருசம் ஜெர்மனிக்கு வந்தாள். வந்த பிறகு மாமா இங்கே ஹோல் எடுத்து வரவேற்பு வைத்தார். அவர் செலவு. அதில் குறை சொல்ல ஏலாது.

ஹோல் நிறைந்திருந்தது. ஆஹெனில் இருந்து, வேறு ஊர்களில் இருந்து, எல்லோரும். மாமா மைக் பிடித்தார்.

"ஆமி ஆட்சிக்குள்ளயும், டாங்கிக்கு நடுவிலயும், பயப்பிடாமல் போய் நாங்கள் செய்து வைச்ச கலியாணம் இது!"

சனம் கை தட்டியது. நாங்கள் என்றார். நான் சோற்றுத் தட்டோடு நின்றேன். பெரியத்தானும் கை தட்டினார். தம்பியைப் பார்த்தேன். அவனும் கை தட்டினான். அவன் பெண்சாதி தட்டவில்லை. என்னைப் பார்த்தாள். எனக்கு அது போதும்.

தாய்லாந்துக்காரியையும் கூப்பிட்டிருந்தேன். பட்டுச் சட்டை போட்டு வந்தாள். மாமா அவள் மேசைக்குப் போனார். எந்த நாடு என்று கேட்டார். சொன்னாள். உடனே கதிரையை இழுத்துப் போட்டு இருந்தார். நான் பின்னால் தண்ணீர் ஊற்றிக்கொண்டு நின்றேன். ஜெர்மனில் விளக்கம் தொடங்கினார்.

"உங்கட நாட்டு ஆமி வேற. நல்ல ஆமி. கட்டுப்பாடான ஆமி. சனம் பூக் குடுத்தது, நான் கவனிச்சனான். பர்மா ஆமி அப்பிடி இல்லை. இந்தோனேசியாவிலயும் அப்பிடி இல்லை. சில நாட்டுக்கு ஆமி தேவை. அரசியல்வாதி களவெடுத்தால் ஆமி வந்து திருத்தும். பிறகு திரும்ப வோட்டு வைக்கும். என்ன, சரிதானே?"

அவள் கத்தரிக்காய்க் கறியைச் சாப்பிட்டு முடித்தாள். வாயைத் துடைத்தாள்.

"நாங்கள் திரும்ப வோட்டுப் போட்டால் திரும்ப அதே ஆக்களுக்குத்தான் போடுவம்," என்றாள். "ஆமி திரும்ப வந்து எடுக்கும்."

"அப்பிடி இல்லை, நீர் அரசியலை விளங்கவேணும்," என்றார் மாமா. இன்னும் கொஞ்சம் விளங்கப்படுத்தினார். யாரோ கூப்பிட எழும்பிப் போனார்.

அவள் சொன்னது போலத்தான் பிறகு நடந்தது. அதை மாமாவுக்கு நான் நினைவூட்டவில்லை. அவர் அப்போது வேறு நாட்டைப் பற்றிச் சொல்லிக்கொண்டு இருந்தார்.

மாமா போன பிறகு அவள் என் சேலையைப் பிடித்து இழுத்தாள். விரிப்பை இழுப்பது போல.

"இந்த ஆள் எங்கட நாட்டுக்கு எப்ப போனவர்?"

"போகேல்லை."

"கலியாணத்துக்கு?"

"வரேல்லை."

"அலுமாரி சொன்னவர் இவரோ?"

"ஓம்."

அவள் ஹோலைச் சுற்றிப் பார்த்தாள். மேசைக்கு மேசை சனம். பிள்ளைகள் ஓடினார்கள். பெரியத்தான் ஒரு கூட்டத்துக்கு நடுவில் நின்று, கையால் டாங்கியின் அளவு காட்டிக்கொண்டிருந்தார்.

"இவ்வளவு பேரும் கை தட்டினவை," என்றாள். "அங்க தாலி கட்டேக்க எத்தினை பேர் நிண்டனீங்கள்?"

விரலை மடித்து எண்ணினேன். தம்பி. பொம்பிளை. பொம்பிளையின் தாய். தாய்லாந்துக்காரியின் தங்கச்சி, வேலையில் லீவு கேட்டு, பூவும் வாங்கிக்கொண்டு வந்தவள். ஐயர். நான்.

ஆறு பேர்.